உப்பளத்துச் சந்தில் அடிக்காத தமுக்கு

ஐரோப்பாவில் ஒரு ராஜாங்கம் இன்னொரு ராஜாங்கத்தை முறைத்தால் புதுச்சேரியின் உப்பளம் பேட்டையில் கிறிஸ்துதாசுக்குத் தொண்டை கட்டிக்கொள்ளும். வேடிக்கைக்குச் சொல்லவில்லை, அந்த மனிதருக்கு வேலையே அதுதான். நகரசபைக் கட்டடத்தை எங்கள் ஊரில் மேரி என்போம். அங்கே சர்க்கார் உத்தரவு வந்தால் குமாஸ்தா அதைத் தமிழில் இரண்டு முறை படித்துக் காட்டுவார். கிறிஸ்துதாசுக்கு எழுத்து தெரியாது. காதில் வாங்கி மனதில் நிறுத்திக்கொண்டு, தமுக்கைத் தோளில் மாட்டிக் கிளம்பிவிடுவார். தெரு முனையில் மூன்று அடி, தெரு நடுவில் மூன்று அடி. பிறகு அந்தக் குரல். கடல் பாலத்தில் மூட்டை இறக்குகிறவன்கூட வேலையை விட்டுவிட்டுத் திரும்பிப் பார்ப்பான்.

பதினாலாம் வருஷத்து யுத்தத்தை இந்த ஊருக்குச் சொன்ன வாய் அவருடையது. அப்போது அவருக்கு இருபத்தொரு வயது. கண் மங்கிப்போன தகப்பனாரிடமிருந்து தமுக்கை வாங்கி மூன்று மாதம்கூட ஆகவில்லை. பிரான்சுக்கும் ஜெர்மனிக்கும் சண்டை, தாய்நாட்டைக் காக்க விருப்பமுள்ளவர்கள் பேர் கொடுக்கலாம் என்று தெருத் தெருவாகச் சொல்லிக்கொண்டு போனார். தாய்நாடு எந்தத் திசையில் இருக்கிறது என்று ஒருவரும் கேட்கவில்லை. அவருடைய தெருவிலிருந்து மட்டும் மூன்று பேர் கப்பலேறினார்கள். திரும்பியவன் ஒருவன், அவனும் இருமிக்கொண்டே வந்தான். நாலு வருஷம் கழித்துச் சமாதானம் என்று சொல்லப் போனபோது, திரும்பாத ஒருவனின் தாய் வாசலுக்கு வந்து, அவர் முகத்துக்கு நேராக மண்ணை வாரித் தூற்றினாள்.

அன்றைக்கு அவர் தமக்கு ஒரு சட்டம் போட்டுக்கொண்டார். உத்தரவில் இருப்பதற்குக் கூட ஒரு வார்த்தை கிடையாது, குறைய ஒரு வார்த்தை கிடையாது. யார் நிறுத்தி என்ன கேட்டாலும், “சர்க்கார் சொன்னது அம்மாந்தான்”, அதாவது அவ்வளவுதான், என்று நடந்துவிடுவார். இருபது வருஷம் அந்தச் சட்டத்தை மீறவில்லை. வரி, வாந்திபேதி, தேர்தல், ஆலைக்காரர்களுக்கு எட்டு மணி நேர வேலை, எல்லாமே அந்தக் குரலில்தான் ஊருக்குள் வந்தன. கிறிஸ்துதாஸ் சொல்லிவிட்டார் என்றால் அது நடந்துவிட்டது என்று அர்த்தம்.

அவருடைய தமுக்குக்கு இன்னொரு வலுவும் உண்டு. அடித்து முடித்த தெருக்களின் பெயரைச் சாயங்காலம் மேரியில் குமாஸ்தா தெய்வசிகாமணி ஒரு நோட்டில் எழுதுவார். கீழே கிறிஸ்துதாஸ் கட்டைவிரலை உருட்ட வேண்டும். நோட்டில் ஏறிய தெருவில் இருப்பவன் எவனும் ‘எனக்கு உத்தரவு தெரியாது’ என்று கோர்ட்டில் சொல்ல முடியாது. ஏறாத தெருக்காரன் சொல்லலாம். ஒரு மழைக்காலத்தில் இடுப்பளவு தண்ணீர் நின்றதால் ஒரு தெருவுக்கு அவரால் போக முடியவில்லை. உத்தரவை மீறியதாக அந்தத் தெருக்காரர் ஒருவரைப் பிடித்துக்கொண்டு போனவர்கள், தமுக்குச் சத்தம் காதில் விழவில்லை என்றதும் விட்டுவிட்டார்கள். கிறிஸ்துதாஸ் இதை மறக்கவில்லை. மறந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

மனைவி போய்ச் சேர்ந்தபின் அவருக்கென்று இருந்தது ஒரே மகள், ரோசா. முப்பத்தெட்டாம் வருஷம் அவளுக்குப் பத்தொன்பது வயது. பிரகாசம் என்று ஒரு பையன் வீட்டார் பெண் கேட்டு வந்தார்கள். நல்ல பையன்தான், குடியில்லை, பாலத்தில் மூட்டை இறக்குகிறவன். ஆனால் சைகோனில் மூன்று வருஷம் சொல்தாவாக இருந்து வந்தவன். பட்டாளத்துக்காரனுக்கு எங்கள் ஊரில் பேர் சொல்தா. பட்டாளத்தை விட்டு வந்தாலும் அவன் பெட்டியில் ஒரு சின்னப் புத்தகம் இருந்தது. சண்டை வந்தால் கூப்பிடுவோம், வர வேண்டும் என்பது அந்தப் புத்தகத்தின் சாரம். கிறிஸ்துதாஸ் பிடி கொடுக்கவில்லை. முகத்தில் மண் விழுந்தது அவருக்கு இன்னும் உறுத்திக்கொண்டிருந்தது. “சண்ட வர்ற மாதிரி இருக்குது. பொறுத்துப் பாக்கலாம்” என்று சொல்லி அனுப்பினார். ரோசா இரண்டு நாள் சாப்பிடவில்லை.

அந்தப் புரட்டாசியில்தான் ஐரோப்பாவில் நாலு பெரிய தலைகள் ஒரு மேஜையைச் சுற்றி உட்கார்ந்தார்கள். அடுத்தவன் நாட்டைத் துண்டு போட்டு ஒருவன் கையில் கொடுத்துவிட்டு மற்ற மூவரும் கைகுலுக்கிக்கொண்டார்கள். துண்டு பட்டவனை அந்த அறைக்குள்ளேயே விடவில்லை. இதற்குச் சமாதானம் என்று பேர் வைத்து உலகமெல்லாம் தந்தி அடித்தார்கள். எங்கள் மேரிக்கும் வந்தது. தெய்வசிகாமணி படித்துக் காட்டினார்: யுத்த பயம் நீங்கியது, ஜனங்கள் தங்கள் வேலையைப் பார்க்கலாம்.

கிறிஸ்துதாஸ் அன்றைக்கு ஓடினார் என்றே சொல்ல வேண்டும். பெரிய மார்க்கெட் வாசலில் கூட்டம் சூழ்ந்துகொண்டது. மீன்காரிகள் கூடையை இறக்கி வைத்துவிட்டு நின்றார்கள். உத்தரவை வரி பிசகாமல் சொன்னார். எல்லா முகங்களும் மலர்ந்தன. அவருக்கும் என்னவோ பொங்கிக்கொண்டு வந்துவிட்டது. இருபது வருஷத்துச் சட்டத்தைத் தூக்கிப் போட்டுவிட்டு, தமுக்கை ஓங்கி ஒரு அடி அடித்து, “இனிமே சண்டையே கெடையாது!” என்றார்.

உத்தரவில் அந்த வரி இல்லை. ஆனால் ஊர் அந்த வரியைத்தான் வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனது. அதைவிட வேடிக்கை, சொன்னவரும் அதைத்தான் எடுத்துக்கொண்டு போனார். ஒரே நாளில் முப்பது தெருவில் ஒன்றைக் கத்திச் சொன்னால், சொல்கிறவன் காதிலும் அது முப்பது முறை விழுகிறது. பொழுது சாயும்போது அவர் அதை முழுசாக நம்பிவிட்டார். மறுநாளே பிரகாசம் வீட்டுக்குப் போய், “தேதி பாருங்க” என்றார். கிறிஸ்துமசுக்கு முந்தின ஆகமன காலம் தொடங்குவதற்குள் கோயிலில் கல்யாணம் முடிந்தது. ரோசாவும் பிரகாசமும் உப்பளத்தில் அவர் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு சந்தில் குடி வந்தார்கள்.

அடுத்த வருஷம் ஜூலையில் பிரெஞ்சுப் புரட்சிக்கு நூற்றைம்பது வயது. கடற்கரையெல்லாம் விளக்கு, கொடி, வாத்தியம். தமுக்கடிக்கக் கொடுத்த உத்தரவில், மனிதர்கள் பிறப்பிலேயே சுதந்திரர்கள், உரிமையில் அனைவரும் சமம் என்று அந்தப் புரட்சி உலகுக்குச் சொன்னதாக ஒரு வரி இருந்தது. கிறிஸ்துதாஸ் அதை எல்லாத் தெருவிலும் நடுவில் நின்று சொன்னார். மேல்சாதிக்காரர் தெருக்களில் மட்டும் முனையிலேயே நின்று, உள்ளே காலெடுத்து வைக்காமல் சொல்லிவிட்டு வந்தார். அந்தத் தெருக்களில் அவர் எப்போதும் அப்படித்தான். சமத்துவத்தை முனையில் நின்று கத்திவிட்டுத் திரும்பியபோது அவருக்கு ஒன்றும் தோன்றவில்லை. எனக்குத் தோன்றுகிறது, வயிறு எரிகிறது.

ஆகஸ்டு கடைசியில் பிரகாசத்தின் காலில் மல்லாட்டை என்கிற நிலக்கடலை மூட்டை சரிந்து விழுந்தது. கணுக்காலில் எலும்பு நகர்ந்து, பாதம் பூசணிக்காய்போல் வீங்கிவிட்டது. எண்ணெய்க் கட்டுப் போட்டுப் படுத்துவிட்டான். ரோசாவுக்கு அப்போது நிறைமாதம்.

செப்டம்பர் இரண்டாம் தேதி, சனிக்கிழமை. மேரியில் தெய்வசிகாமணி காகிதத்தை எடுத்தார். அவர் கிறிஸ்துதாசைவிடப் பதினைந்து வயது இளையவர், ஆனால் பேச்சு எப்போதும் ஒருமைதான்.

“டேய் தாசு, கவனமாக் கேளு. பிரான்சு படை தெரட்டுது. முன்னாடி சொல்தாவா இருந்து, புஸ்தகம் வச்சிருக்கிறவன் அத்தன பேரும் திங்கக்கெழம மத்தியானத்துக்குள்ள பட்டாளத்துக் கொட்டடியில ஆஜராவணும். வராதவன் ஓடுகாலி. பிடிச்சு வெலங்கு போடுவாங்க. எங்க, திருப்பிச் சொல்லு.”

கிறிஸ்துதாஸ் திருப்பிச் சொன்னார். ஒரு வார்த்தை பிசகவில்லை. 

வெயிலில் ஊர் முழுக்கச் சுற்றினார். கடைசியாக உப்பளம். அவருடைய தெருவில் அடித்தார், அடுத்த தெருவில் அடித்தார். ரோசா இருந்த சந்தின் வாயில் வந்து நின்றபோது குச்சி கையிலேயே இருந்தது. உள்ளே நாலாவது வீட்டில் மருமகன் படுத்திருக்கிறான், மகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு நடமாடுகிறாள். கப்பல் வாரக் கடைசியில் கிளம்பும் என்று மேரியில் பேசிக்கொண்டார்கள். இந்தக் கப்பல் போய்விட்டால் அடுத்த கப்பல் எப்போதோ. அதற்குள் பிள்ளை பிறந்துவிடும், சண்டையே நின்றாலும் நின்றுவிடும். ஏன் வரவில்லை என்று கேட்டால், எங்கள் சந்தில் தமுக்குச் சத்தம் கேட்கவில்லை என்று பிரகாசம் சொல்லலாம். அது பொய்யும் இல்லை. தண்டனை வந்தால் அடிக்காதவனுக்கு வரட்டும். இவ்வளவையும் அந்த மனிதர் ஒரு நிமிஷத்தில் யோசித்தார். ‘நான்தானே சண்டை கிடையாது என்று சொன்னேன், நான்தானே தேதி பார்க்கச் சொன்னேன்’ என்பதைத் தவிர வேறெதுவும் அவரைத் தள்ளவில்லை. குச்சியை இடுப்பில் செருகிக்கொண்டு சந்தைக் கடந்து போய்விட்டார்.

சாயங்காலம் மேரியில் தெய்வசிகாமணி அவரை ஒன்றும் கேட்கவில்லை. இருபத்தைந்து வருஷத்தில் அந்த ஒரு வெள்ளத்தைத் தவிர ஒரு தெருவையும் விடாதவரிடம் என்ன கேட்பது? தாமாகவே எல்லாத் தெருப் பெயரையும் வரிசையாக எழுதிவிட்டு நோட்டைத் திருப்பினார். கிறிஸ்துதாஸ் கட்டைவிரலை மையில் தோய்த்து உருட்டினார். விரலுக்கு அது பழக்கம்; அந்தச் சந்தின் பெயரும் அதில் ஏறியிருக்கும் என்று அவருக்கு உறைக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து மகள் வீட்டுக்குப் போனார். பிரகாசம் பாயில் எழுந்து உட்கார்ந்தான்.

“மாமா, சண்ட ஆரம்பிச்சிடுச்சாமே. எங்கள மாதிரி பழைய சொல்தாவுங்களக் கூப்புடுறாங்களா?”

“உங்க வருசத்து ஆளுங்கள இன்னும் கூப்புடல மாப்ளே. கூப்புட்டா மொதல்ல எனக்குத்தான தெரியும்? நான் வந்து சொல்ல மாட்டனா?”

பிரகாசம் நிம்மதியாகப் படுத்துக்கொண்டான். ஊருக்கே சேதி சொல்கிறவர் மாமனாராக இருக்கும்போது வேறு யாரிடம் போய்க் கேட்பான்? சந்துக்காரர்களில் பலர் மார்க்கெட்டிலும் பாலத்திலும் உத்தரவைக் கேட்டிருந்தார்கள். ஆனால் ஒருவரும் பிரகாசத்திடம் வாயைத் திறக்கவில்லை. தமுக்கடிக்கிறவர் மருமகனுக்குப் போய் நாம் என்னத்தைச் சொல்வது என்று இருந்துவிட்டார்கள்.

செவ்வாய்க்கிழமை காலை வந்துவிட்டார்கள். பொலீஸ் கொமிசேர், கூட ஒரு துபாசி, நாலு சேவகர்கள். பிரகாசத்தைக் கட்டுக்காலோடு இழுத்து வந்து சந்தில் உட்கார வைத்தார்கள். ரோசா நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். சேதி கேட்டுக் கிறிஸ்துதாஸ் தலைதெறிக்க ஓடி வந்தார்.

“எங்க சந்துல தமுக்கு அடிக்கலீங்க. சத்தியமா எனக்குத் தெரியாது” என்றான் பிரகாசம்.

துபாசி அதைப் பிரெஞ்சில் சொன்னதும் கொமிசேர் புருவத்தைத் தூக்கினார். அடிக்கவில்லை என்றால் அடிக்க வேண்டியவன் எங்கே, அவனுக்கு வேலையும் போகும், ஜெயிலும் உண்டு என்றார். துபாசி இதைத் தமிழில், சந்து முழுக்கக் கேட்கும்படி, ரொம்ப நன்றாகச் சொன்னார். பிறகு அக்கம்பக்கத்தாரைப் பார்த்து, சனிக்கிழமை இங்கே தமுக்கு அடித்ததா இல்லையா என்று கேட்டார்.

சந்து ஒரு கணம் கிறிஸ்துதாசைப் பார்த்தது. சந்து முழுக்கப் பிரியம் வைத்திருந்த மனிதர் அவர். யார் வீட்டில் சாவு என்றாலும் முதல் ஆளாக வந்து நிற்பவர். பக்கத்து வீட்டு வேளாங்கண்ணி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு முன்னால் வந்தாள்.

“அடிச்சாரு சாமி. நான் எங்காதால கேட்டேன். வாசல்ல மீன் கழுவிக்கினு இருந்தேன், இதோ இந்த எடத்துல நின்னுதான் அடிச்சாரு.”

முனையில் கடை வைத்திருந்த அப்துல் கையூம் பாய் அதற்கும் மேலே போனார். “தராசக் கீழ வச்சிட்டுக் கேட்டேனுங்க. தொண்ட காஞ்சிருக்குன்னு தண்ணிகூடக் குடுத்தேன்.”

அதற்குப் பிறகு ஆளாளுக்கு ஆரம்பித்துவிட்டார்கள். ஒருவர் அவர் போட்டிருந்த சட்டையைச் சொன்னார், ஒருவர் நடுவில் இருமினார் என்றார். நல்லவர்கள். பிரகாசம் எப்படியும் சண்டைக்குப் போக வேண்டியவன்தானே, ஒரு நாள் தாமதத்துக்கு இரண்டு திட்டு வாங்குவான், பெரியவர் பிழைப்பு போகக் கூடாது என்று நினைத்தார்கள். கெட்ட எண்ணம் ஒருவருக்கும் இல்லை. இருந்திருந்தால் ஆத்திரத்தைக் காட்டவாவது ஒரு ஆள் கிடைத்திருக்கும்.

“இல்லீங்க!” என்று கிறிஸ்துதாஸ் கத்தினார். முப்பது தெருவுக்குக் கேட்கும் குரல் அது. “நான் அடிக்கல. வேணும்னேதான் அடிக்கல. இவங்க பொய் சொல்றாங்க. மாப்ளைக்கு நான்தான் கூப்புடலன்னு சொன்னேன். என்ன இழுத்துக்கினு போங்க.”

துபாசி மொழிபெயர்த்தபோது கொமிசேர் சிரித்தார். இரக்கமான சிரிப்புதான். மகள் புருஷனுக்காகப் பழியைத் தன்மேல் போட்டுக்கொள்ளும் மாமனாரை அவர் மதித்தார் என்றே வைத்துக்கொள்ளலாம். மேரியிலிருந்து கொண்டுவந்திருந்த நோட்டைப் பிரித்துச் சந்தின் பெயரையும் கீழே இருந்த கைநாட்டையும் காட்டினார். கிறிஸ்துதாசுக்கு அந்த எழுத்தைப் படிக்கத் தெரியாது. கட்டைவிரல் தம்முடையது என்பது தெரிந்தது.

“சும்மா இருங்க அண்ணே” என்று வேளாங்கண்ணி அவர் கையைப் பிடித்து அமுக்கினாள். “நாங்க பாத்துக்கறோம்.”

பிரகாசம் மாமனாரை நிமிர்ந்து பார்த்தான். சந்தில் அத்தனை பேரில் அவரை நம்பியவர்கள் இரண்டே பேர், அவனும் ரோசாவும்.  விலங்கு போட்டார்கள். நடக்க முடியாதவனை இரண்டு சேவகர்கள் கைத்தாங்கலாகக் கொண்டுபோனார்கள். பட்டாளக் கோர்ட்டு விசாரணைக்குச் சைகோன் அனுப்புவார்கள், ஓடுகாலிக்கு மூன்று வருஷமாவது கிடைக்கும் என்று துபாசி போகிற போக்கில் சொன்னார். 

கிறிஸ்துதாஸ் மேரிக்கு ஓடினார். தெய்வசிகாமணியின் மேஜைக்கு முன்னால் தரையில் விழுந்தார். நோட்டைத் திருத்துங்கள், நான் அடிக்கவில்லை என்று அழுதார்.

“எழுந்திரு. நோட்டத் திருத்தினா என் தல போவும்” என்றார் குமாஸ்தா. பிறகு ஏதோ ஞாபகம் வந்தவராக, “ஆமா, உன் மருமவனுக்குக் கால்ல என்ன?” என்று கேட்டார்.

கிறிஸ்துதாஸ் சொன்னார்.

“அட முட்டாப் பயலே. திங்கக்கெழம மத்தியானம் அந்தக் காலோட வந்திருந்தா டாக்டர் பாத்த ஒடனே திருப்பி அனுப்பியிருப்பாரே. அன்னிக்கு மட்டும் ஒம்போது பேர அனுப்பினாங்க. ஒருத்தனுக்குத் தோல்ல வெறும் படை. ஒருத்தனுக்கு ரெண்டு பல்லு இல்ல. உன் மருமவன் புள்ள பொறக்கறப்ப வீட்டுல இருந்திருப்பான்.”

 தெய்வசிகாமணி வேறு காகிதம் எடுத்து எழுத ஆரம்பித்துவிட்டார்.

அவர் உப்பளம் திரும்பியபோது சந்துக்காரர்கள் சூழ்ந்துகொண்டார்கள். அப்துல் கையூம் பாய் பெஞ்சை இழுத்துப் போட்டு, “வேலைக்கு ஒண்ணும் ஆவாது தாசு, தைரியமா இரு” என்றார். அவர் நிற்கவில்லை. உள்ளே வேளாங்கண்ணி வெந்நீர் வைத்துக்கொண்டிருந்தாள். ரோசாவுக்கு வலி எடுத்திருந்தது. அவரைப் பார்த்ததும் வேளாங்கண்ணி குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

“அண்ணே, நெசமாவே நீங்க அடிக்கலியா?”

அடிக்கவில்லை என்று அவர் தலையை ஆட்டினார்.

“எங்களுக்கு எப்பிடிண்ணே தெரியும்?” அவளுக்கு அழுகை வந்துவிட்டது. “ஊரு முச்சூடும் சொல்லிட்டு வர்றீங்க. எங்ககிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கக் கூடாதா? கேக்கலன்னு சொல்லிட்டுப் போயிருப்போமே.”

ரோசா பாயில் கிடந்தாள். முகமெல்லாம் வியர்வை. அப்பாவைப் பார்த்துக் கையை ஊன்றிக் கொஞ்சம் நிமிர்ந்தாள்.

“மேரியில இன்னா சொன்னாங்க?”

மறைக்கலாம் என்று அவருக்கு ஒரு கணம் தோன்றியது. ஆனால் இந்தக் குடும்பத்தில் மறைத்தது போதும். நோட்டைத் திருத்த மாட்டார்கள் என்பதைச் சொன்னார். டாக்டர் சங்கதியைச் சொன்னார், ஒன்பது பேரைச் சொன்னார், பல்லில்லாதவனைக்கூட விடவில்லை. உத்தரவு சொல்லும்போது நிற்பதுபோல் நேராக நின்றுகொண்டு, அவள் முகத்தைப் பார்க்காமல் சொல்லி முடித்தார்.

ரோசா கடைசி வார்த்தை வரைக்கும் கேட்டாள். இடையில் ஒரு வலி வந்து பல்லைக் கடித்துக்கொண்டாள், அதுவும் போயிற்று.

“அம்மாந்தானா?” என்றாள்.

“அம்மாந்தான்.”

“சரி, சொல்லியாச்சு இல்ல. போ.”

அவர் நின்றுகொண்டே இருந்தார். வேளாங்கண்ணி அவரைத் தோளைப் பிடித்து வெளியே நகர்த்திக் கதவைச் சாத்த வேண்டியிருந்தது.